தரங்கம்பாடியில் இருவராகக் குடியேறினால் அன்றாட வாழ்க்கை எப்படி இருக்கும்?

திருச்சிக்காரர்:
அனைவருக்கும் வணக்கம். பணி ஓய்வுக்குப் பின், நானும் என் மனைவியும் தரங்கம்பாடியில் கடலையொட்டிக் குடியேற எண்ணியிருக்கிறோம். விடுமுறையில் வந்து தங்கிய பழக்கம் மட்டுமே எங்களுக்கு உண்டு. ஆண்டு முழுவதும் அங்கே இருப்பவர்களின் பொழுது எப்படிக் கழிகிறது, வீட்டைப் பராமரிக்க எவ்வளவு மெனக்கெட வேண்டும் என்று அனுபவமுள்ளவர்கள் சொன்னால் பேருதவியாக இருக்கும்.

கரைவாசி:
ஐயா, நானும் என் கணவரும் இவ்வூரில்தான் இருக்கிறோம், பிள்ளைகள் வெளியூரில். எங்கள் நாள் காற்றைப் பொறுத்தே அமைகிறது. வெயில் ஏறுமுன் டேனிஷ் கோட்டையைக் கடந்து, முன்பகுதியைக் கடல் கொண்டுவிட்ட மாசிலாமணிநாதர் கோயில்வரை நடந்துவிட்டுத் திரும்புவோம். மீன் ஏலம் கூறும் பெண்களின் வேகத்துக்கு என்னால் ஈடுகொடுக்க முடியாது என்பதால், தெருவுக்கு வரும் கூடைக்கார அம்மாவிடமே சங்கராவோ மத்தியோ வாங்கிக்கொள்கிறேன். கோடையில் நண்பகலுக்குமேல் கடற்காற்று எழுந்ததும் புழுக்கம் தணியும். ஆனால் ஆனி, ஆடியில் மேற்கிலிருந்து வீசும் மேல்காற்று வலுத்துவிட்டால் கடற்காற்று மாலைவரை வராமல் வாட்டிவிடும்.

வீட்டு வேலையில் பெரும்பங்கு உப்போடுதான். சன்னல் கம்பியில் விரலை வைத்தால் பிசுபிசுக்கும். நல்ல தண்ணீரில் நனைத்த துணியால் துடைக்காவிட்டால் வண்ணப்பூச்சு கொப்பளித்து, உள்ளே துரு பொரிந்து நிற்கும். கீல்களுக்கு எண்ணெய் விடுவது என் கணவரின் பொறுப்பு. அவர் அதை வேறு யாரிடமும் விடுவதில்லை.

கட்டடப் பொறியாளர்:
மணற்பாங்கான கரையில் நன்னீர், உப்புநீரின்மேல் மிதந்து நிற்கிறது. ஆழத்துளையிட்டு மோட்டாரால் மிகுதியாக இறைத்தால் உப்பு மேலேறிவிடும். ஆழமில்லாத கிணற்றில் அளவாக இறைப்பதே நல்லது. மனை வாங்குவதாயின், கரையோரத்தில் கட்டடம் கட்டுவதைக் கட்டுப்படுத்தும் கடலோர ஒழுங்குமுறை மண்டல விதிகளை முதலில் பாருங்கள்.

மீனவர் வீட்டுப் பெண்:
ஐயா, ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாட்கள் விசைப்படகுகள் கடலுக்குப் போவதில்லை; நாட்டுப்படகு மீன் மட்டுமே கிடைக்கும், விலையும் கூடும். அதைச் சமாளித்துவிடலாம். ஐப்பசி, கார்த்திகையில் புயல் எச்சரிக்கை வந்து, இரவு முழுவதும் மின்சாரமின்றி அலைச்சத்தம் மட்டுமே கேட்கும்போதுதான் பழகாதவர்களுக்கு மனம் கலங்கும். 2004 ஆழிப்பேரலையைக் கண்ட எங்கள் பெரியவர்கள் அந்த இரவுகளில் இன்றும் உறங்குவதில்லை. ஆகவே உடனே வீடு வாங்காமல், ஐப்பசியில் வாடகைக்கு வந்து தை பிறக்கும்வரை இருந்து பாருங்கள். அம்மாவுக்கு ஒத்துவருகிறதா என்பதையும் கேட்டு முடிவெடுங்கள்.