ஊமைக்காயம் ஆறிய பிறகு எந்தக் கோட்? உங்கள் அனுபவங்களைச் சொல்லுங்கள்

ஆர்த்தோ கோடர், சென்னை

எல்லோருக்கும் வணக்கம். அமெரிக்க ஆர்த்தோ (எலும்பு, மூட்டு) கிளினிக்குகளின் சார்ட்களைச் சென்னையில் உட்கார்ந்து கோட் செய்கிறேன், அதாவது டாக்டர் எழுதிய நோயையும் காயத்தையும் இன்சூரன்ஸ் க்ளெய்முக்கான ஐசிடி (நோய்ப் பட்டியல்) குறியீடாக மாற்றுகிறேன். எலும்பு முறிவு வந்தால் எங்கள் டீமில் யாருக்கும் தயக்கம் இல்லை. ஊமைக்காயத்தில்தான் விவாதமே வருகிறது. தோல் கிழியவில்லை, எலும்பு உடையவில்லை, வெறும் ரத்தக்கட்டுதானே என்று டாக்டர் இரண்டே வரியில் எழுதி அனுப்பிவிடுவார். மாதங்கள் கழித்து அதே நோயாளி அதே இடத்தைப் பிடித்துக்கொண்டு வரும்போது அந்த இரண்டு வரி எதற்கும் காணாது.

சமீபத்தில் வந்த ஒன்றைச் சொல்கிறேன். விளையாடும்போது எதிராளியின் முழங்கால் வலது தொடையில் பலமாக இடித்திருக்கிறது. வீக்கம் வடிந்து, கருநீலம் மஞ்சளாகி, அதுவும் மறைந்துவிட்டது. ஆனால் தொடையின் முன்பக்கம் கல் மாதிரி ஒரு கட்டி நின்றுவிட்டது, முழங்காலை முழுக்க மடக்க முடியவில்லை. எக்ஸ்ரே எடுத்தால் தசைக்குள் எலும்பு வளர்ந்திருக்கிறது. மயோசைட்டிஸ் ஆசிஃபிகன்ஸ். ஆழமாக அடிபட்ட தசையில் இப்படி ஆவது உண்டு, அதிலும் தொடையின் முன்தசையில் அதிகம்.

டாக்டர் குறிப்பில் நோயின் பெயர் இருந்தது. தொடையில் முன்பு அடிபட்டதும் வேறொரு பத்தியில் இருந்தது. இரண்டையும் சேர்க்கும் 'அதனால்' மட்டும் எங்குமே இல்லை. "படித்தாலே தெரியுதே, போட்டுவிடலாமே" என்றார்கள் பக்கத்து இருக்கையில். நமக்குத் தெரிவது வேறு, டாக்டர் எழுதுவது வேறு. டாக்டரிடம் விளக்கம் கேட்டு க்வெரி அனுப்பினேன். அதிலும் 'பழைய அடிதானே காரணம்' என்று பதிலை நாமே ஊட்டக் கூடாது. காரணம் என்ன என்று திறந்த கேள்வியாகத்தான் கேட்க வேண்டும். பழைய ஊமைக்காயத்தின் விளைவு என்று டாக்டர் சேர்த்து எழுதி அனுப்பினார்.

அதற்கப்புறம் வேலை சுலபம். இப்போது இருக்கும் பிரச்சினை முதலில்: எம்61.051. அதைக் கொண்டுவந்த காயம் இரண்டாவது: எஸ்70.11எக்ஸ்எஸ். பின்விளைவைக் குறிக்கும் கடைசி 'எஸ்', ஏழாவது எழுத்து, காயத்தின் கோடில் மட்டும்தான் வரும், விளைவின் கோடில் வராது. நடுவில் இருக்கும் 'எக்ஸ்' ஆறாவது இடத்தை நிரப்ப. அதை விட்டால் கோட் செல்லாது, க்ளெய்ம் அப்படியே திரும்பிவிடும்.

உங்களிடம் இப்படி வந்தவை இருந்தால் எழுதுங்கள். புதிதாக வருபவர்களுக்குப் பாடப்புத்தகத்தைவிட இது உதவும்.

கண் பிரிவு, திருச்சி

நல்ல தொடக்கம் அக்கா. எங்கள் பக்கத்தில் இதைவிட நீண்ட இடைவெளியோடு வரும். சின்ன வயதில் பந்து பட்டுக் கண் கன்றிப்போயிருக்கும். பார்வை சரியாகிவிட்டது என்று எல்லோரும் மறந்திருப்பார்கள். ஆனால் அந்த அடியில் கண்ணுக்குள் நீர் வடியும் மூலை பின்னுக்குத் தள்ளப்பட்டிருந்தால், வருஷங்கள் கழித்துக்கூட அழுத்தம் ஏறிக் குளுக்கோமா வரலாம்.

வலது கண், நடுத்தர நிலை என்றால் எச்40.31எக்ஸ்2 முதலில், எஸ்05.11எக்ஸ்எஸ் அடுத்து. முதல் கோடின் கடைசியில் இருக்கும் எண் நோயின் நிலையைச் சொல்கிறது. அங்கே கொண்டுபோய் 'எஸ்' போடுகிறவர்களைப் பார்த்திருக்கிறேன்.

எங்கள் கோட்களைச் சரிபார்க்கும் ஒரு ஆடிட்டர், இத்தனை வருஷத்துக்கு முந்தைய காயத்தை எதற்கு இழுக்கிறீர்கள் என்று பாயின்ட் குறைத்தார். அமெரிக்க வழிகாட்டியில் பின்விளைவுக்குக் காலக்கெடுவே கிடையாது என்ற பகுதியை எடுத்துக் காட்டினோம், பாயின்ட் திரும்பி வந்தது. இந்த ஒரு வரியை எல்லோரும் மனப்பாடமாக வைத்துக்கொள்ளுங்கள். அந்தப் பழைய அடி பதிவில் இல்லாவிட்டால், நோயாளிக்கு ஒரு கண்ணில் மட்டும் ஏன் அழுத்தம் என்பதற்கு அடுத்த டாக்டருக்கு விடையே இருக்காது.

மெடிக்கல் ரெக்கார்ட்ஸ், மதுரை

நான் இங்குள்ள மருத்துவமனையில் வேலை செய்கிறேன். எங்களுடையது உலக சுகாதார நிறுவனத்தின் ஐசிடி-10, நீங்கள் பயன்படுத்தும் அமெரிக்க ஐசிடி-10-சிஎம் பதிப்பு இல்லை. எங்களிடம் ஏழாவது எழுத்தே கிடையாது. பின்விளைவுகளுக்கு டி90 (T90) முதல் டி98 (T98) வரை தனி வரிசை இருக்கிறது. தொடை ஊமைக்காயத்தின் விளைவு டி93.8, கண் என்றால் டி90.4. பின்விளைவு என்று டாக்டர் எழுதியிருந்தாலும் அங்கே போகும், காயம் பட்டு ஒரு வருஷமோ அதற்கு மேலோ ஆகியும் நிற்கிற பிரச்சினையும் அங்கே போகும்.

இதை ஏன் சொல்கிறேன் என்றால், எங்களிடம் பழகிவிட்டு அமெரிக்க ப்ராஜெக்டுக்குப் போகிறவர்கள் இந்த ஒரு வருஷக் கணக்கை மனதில் வைத்துக்கொண்டே போகிறார்கள். இரண்டையும் கலக்காதீர்கள்.

பிசியோ சார்ட்கள், கோவை

எனக்கு வருவதில் பாதி, ஏழாவது எழுத்து 'டி'யா (D) 'எஸ்'ஸா (S) என்ற கேள்விதான். வலது முழங்காலில் ஊமைக்காயம், நோயாளி பிசியோதெரபிக்கு வருகிறார். இன்னும் ஆறிக்கொண்டிருக்கிறது, அதற்கான வழக்கமான கவனிப்பு என்றால் எஸ்80.01எக்ஸ்டி. காயம் ஆறி முடிந்து விறைப்பு மட்டும் மிஞ்சிவிட்டது, அது இந்தக் காயத்தால்தான் என்று டாக்டரும் எழுதியிருக்கிறார் என்றால் எம்25.661, பிறகு எஸ்80.01எக்ஸ்எஸ். எத்தனையாவது முறை வருகிறார் என்பதை வைத்து இதை முடிவு செய்யவே கூடாது. அதே இடத்தில் வரும் 'ஏ' என்பதும் முதல் வருகை இல்லை, நேரடிச் சிகிச்சை நடக்கிற காலம் முழுவதும் 'ஏ'தான்.

காயத்துக்குப் பிந்தைய கவனிப்பு என்றதும் இசட் (Z) வரிசைக் கோட் தேடுகிற பழக்கத்தையும் விட்டுவிடுங்கள். காயங்களுக்கு அது கிடையாது.

வலியில் மட்டும் நான் ரொம்ப நிதானமாக இருப்பேன். பழைய அடியால் வந்த நாட்பட்ட வலி என்று டாக்டர் எழுதினால் ஜி89.21 போடலாம். வெறும் 'வலி' என்று இருந்தால் அந்த இடத்து வலிக்கான கோடோடு நிறுத்திக்கொள்வேன். நோயாளி தினமும் வலியோடுதான் எழுந்திருக்கிறார் என்பது குறிப்பின் ஒவ்வொரு வரியிலும் தெரியும், மனசு கேட்காது. அப்படிப்பட்ட சார்ட்டுக்குத்தான் க்வெரி இருக்கிறது. ப்ரொடக்‌ஷன் குறையும் என்று டிஎல் (டீம் லீடர்) முகம் சுளித்தாலும் அனுப்புங்கள்.

சிபிசி (மருத்துவக் கோடர் சான்றிதழ்) தேர்வுக்குப் படிப்பவர், சேலம்

மேடம், ஒரு சந்தேகம். பழைய சார்ட் ஒன்றில் 906.3 என்று பார்த்தேன். இதுவும் ஊமைக்காயப் பின்விளைவுதானா?

ஆர்த்தோ கோடர், சென்னை

ஆமாம் தம்பி, அது பழைய பதிப்பான ஐசிடி-9. தொடையா, முழங்காலா, இடமா, வலமா எதுவும் அதில் தெரியாது, எல்லா ஊமைக்காயத்துக்கும் அந்த ஒரே எண்தான். அமெரிக்காவில் 2015 அக்டோபர் 1 முதல் ஐசிடி-10-சிஎம் பதிப்புக்கு மாறிவிட்டார்கள். வெளிநோயாளி சார்ட் என்றால் சிகிச்சை பெற்ற தேதியைப் பார்த்து, எந்தப் பதிப்பு என்று முடிவு செய்யுங்கள். காயம் அதற்கு முன்பே பட்டிருந்தாலும் நோயாளி இன்றைக்கு வந்தால் இன்றைய கோட்தான். அப்படி ஒரு சார்ட்டில் பழைய 906.3 மட்டும்தான் தடயமாக இருந்தால், எந்தப் பக்கம், எந்த இடம் என்று நீங்களே ஊகிக்காமல் டாக்டரிடம் கேட்டுவிடுங்கள்.