மறு: மைம் – ‘ஊமைக்கூத்து’ வேண்டாமே

அன்புள்ள நண்பர்களுக்கு,

பேச்சில்லாமல் உடம்பாலேயே நடிக்கும் ‘மைம்’ கலைக்குத் தமிழ்ச்சொல்லாக ‘ஊமைக்கூத்து’ என்று போன மடலில் வந்திருந்தது. எனக்கு உறுத்துகிறது. ‘ஊமை’ என்ற சொல்லையே இன்று பலரும் தவிர்க்கிறார்கள், அது ஒரு பக்கம் இருக்கட்டும். பிரெஞ்சில் மைம் வேறு, பாந்தோமீம் வேறு, நாம் இரண்டையும் ஒரே சாக்கில் போட்டுக் கட்டுகிறோம்.

பாரிஸில் ஃபுனாம்புல் அரங்கில் நடிகர் தெபுரோ (1796–1846) முகத்தில் வெள்ளை பூசிக்கொண்டு பியெரோ என்ற கோமாளியாக ஆடத் தொடங்கிய காலத்தில், வசனம் பேச அந்த அரங்குக்கு அனுமதி கிடையாது. அதனால் வாய் செய்ய வேண்டிய வேலையைக் கையும் முகமும் செய்தன. ‘பசிக்கிறது’, ‘அவள் அழகி’ என்று பார்ப்பவர் மனசுக்குள் சொல்லாக்கிக்கொள்ளலாம். இது பாந்தோமீம். ‘சைகைக்கூத்து’ போதும், இதில் சண்டையே வேண்டாம்.

பிரெஞ்சு மைம் ஆசான் எத்தியேன் தெக்ரூ (1898–1991) ஒதுக்கியது இதைத்தான். முகத்தைத் துணியால் மூடி, ஏறக்குறைய வெற்றுடம்போடு நின்று, அசைவை நடுவுடம்பிலிருந்து தொடங்கச் சொன்னவர். முகமும் கையும் அவருக்குக் கடைசி. அவர் வைத்த பெயர் ‘மீம் கொர்ப்போரெல்’, அதாவது உடல்சார்ந்த மைம். (அப்படியே ‘மீம்’ என்று எழுதினால் நம் ஆட்கள் வடிவேலு படத்தைத் தேடுவார்கள்!)

இதற்கு ‘மெய்ப்பாடு’ என்றும் ஒருவர் சொன்னார். தொல்காப்பியத்தில் அது நகை, அழுகை என்று உள்ளத்தில் எழுவது உடம்பில் தெரிவது. தெக்ரூவின் பாடமோ தலையை மட்டும் சாய், கழுத்தைச் சேர், அப்புறம் மார்பைச் சேர் என்று போகும். ‘மெய்நடிப்பு’ என்றால் ‘உண்மையான நடிப்பு’ என்று படித்துவிடுவார்கள், ‘மெய்நிகர்’ (virtual) செய்த வேலை அது. ‘மெய்க்கூத்து’ என்றால் தெருக்கூத்தின் கட்டியங்காரன் வந்து நிற்பான். என் ஓட்டு ‘உடல்நடிப்பு’க்கு. கொஞ்சம் சப்பென்று இருக்கிறது, தெரியும்.

இன்னொரு சொல், ‘புவான் ஃபிக்ஸ்’, நகராத புள்ளி என்று பொருள். தெக்ரூவிடம் படித்த மார்செல் மார்சோ இல்லாத சுவரைத் தடவுவாரே, அப்போது உள்ளங்கை காற்றில் ஓரிடத்தில் பதிந்து நிற்கும், உடம்புதான் அதையொட்டி நகரும். கை ஓர் அங்குலம் வழுக்கினால் சுவர் போச்சு. ‘நிலைப்புள்ளி’யில் கணக்குப் பாட வாடை அடிக்கிறது. ‘பிடிப்பு’ என்றே வைக்கலாமா? பயிற்சியின் நடுவே ‘பிடிப்பு விட்டுப்போச்சு!’ என்று கத்தவாவது முடியும்.