இரும எண்ணில் ஒரே தொகுதியைத் திரும்பத் திரும்ப ஒட்டினால் பகா எண் கிடைக்குமா?

நாகர்கோவில், கேள்வி:
பிளஸ் டூ பிள்ளைகளுக்குப் பைத்தான் பயிற்சியாகக் கொடுக்கலாம் என்று நினைக்கிறேன். ஒரு இருமத் தொகுதியை அடுத்தடுத்து ஒட்டி எண் உண்டாக்கி, அது பகா எண்தானா என்று பார்ப்பது. 101, 1101, 10111 எதை ஒட்டினாலும் பகு எண்தான் வருகிறது. வெறும் 1-ஐ ஒட்டினால் மட்டும் 3, 7, 31, 127 என்று கிடைக்கிறது. வேறு தொகுதியே இல்லையா? பெரிய எண்களை எதை வைத்துச் சோதிப்பது?

தக்கலை:
டீச்சர், தொகுதியின் மதிப்பு 1-ஐ விடப் பெரிதாக இருந்தால் கிடைக்கவே கிடைக்காது. 1101 என்பது 13. இருமுறை ஒட்டினால் 11011101, அதாவது 221 = 13 × 17. அந்த 17-ஐ இருமத்தில் எழுதினால் 10001. எத்தனை முறை ஒட்டினாலும் 13 காரணியாக நிற்கும்.

மிஞ்சுவது மதிப்பு 1 உள்ள தொகுதிகள்: 1, 01, 001, 0001... இங்கேதான் நிரல் ஏமாற்றும். எண்ணாக மாற்றியதுமே முன்னால் உள்ள பூச்சியங்கள் போய்விடும். அதனால் தொகுதியின் நீளத்தைத் தனி மாறியில் வையுங்கள். சரங்களை ஒட்டாமல், ஒவ்வொரு முறையும் எண்ணை 2-இன் நீள அடுக்கால் பெருக்கி 1 கூட்டுங்கள். 001-ஐ மூன்று முறை வைத்தால் 73, பகா எண்.

நீளம் க, தடவை ந என்றால் ந பகா எண்ணாக இருக்க வேண்டும். க என்பது 1 அல்லது ந-இன் அடுக்காக இருக்க வேண்டும். ஏனென்றால் க × ந என்ற பெருக்கலை வகுத்து, க-வை வகுக்காத ஒவ்வொரு எண்ணுக்கும் தனியாக ஒரு காரணி உண்டு. 01-ஐ மூன்று முறை ஒட்டினால் 3-க்கும் 6-க்கும் ஒவ்வொன்று: 21 = 7 × 3.

நிபந்தனை சரியாக இருந்தாலும் பகா எண் உறுதி இல்லை. நீளம் 9, தடவை 3 என்றால் 262657, பகா எண். நீளம் 7, தடவை 7 என்றால் 4432676798593, அதுவும் பகா எண். ஆனால் 5, 5 போட்டால் 1082401 = 601 × 1801. இருமுறை ஒட்டும் வரிசையில் 5, 17, 257, 65537 வரை ஓடும். அடுத்தது நீளம் 32. அதில் வரும் எண்ணை 641 வகுக்கும் என்று ஆய்லர் 1732-லேயே காட்டிவிட்டார்.

மார்த்தாண்டம்:
வகுப்புக்கு இன்னும் நல்ல வேட்டை ஒன்று உண்டு. 10-ஐத் திரும்பத் திரும்ப வைத்து, கடைசியில் மட்டும் 11 போடுங்கள். 1011 = 11, 101011 = 43, 1010101011 = 683. இவை வாக்ஸ்டாஃப் எண்கள்: 2-இன் அடுக்கோடு 1 கூட்டி 3-ஆல் வகுத்தது. அடுக்கு ஒற்றைப்படைப் பகா எண்ணாக இருக்க வேண்டும். 3 முதல் 23 வரை ஒன்றுகூடத் தவறாது, 29-இல் உடையும்: 178956971 = 59 × 3033169. தொடர்ந்து எட்டு உதாரணம் பார்த்துவிட்டு விதி என்று எழுதும் பிள்ளைகளுக்கு இந்த 29-ஐக் கட்டாயம் காட்ட வேண்டும்.

குளச்சல்:
சோதனைக்கு வருகிறேன். பெர்மா சோதனை என்பது, எண்ணில் 1 குறைத்ததை அடுக்காக வைத்து ஓர் அடி எண்ணை உயர்த்தி, அந்த எண்ணால் வகுத்து மீதி 1 வருகிறதா என்று பார்ப்பது; அதில் அடி 2 வேண்டவே வேண்டாம். 101010101 என்பது 341 = 11 × 31; அடி 2-க்குப் பகா எண் போலவே மீதி 1 தரும் மிகச் சிறிய பகு எண் இதுதான். 2047 = 23 × 89-உம் அப்படியே. 2047-ஆல் வகுத்தால் 2-இன் 11-ஆம் அடுக்கு மீதி 1 தருகிறது, 2046-ஐ 11 வகுக்கிறது. பிறகு எப்படி அகப்படும்? அடி 3 எடுங்கள். பைத்தானில் pow(3, 340, 341) மீதி 56 தரும். மூன்று மதிப்பும் கொடுத்தே அழையுங்கள். அடுக்கைத் தனியாகப் பெருக்கினால் பெரிய எண்ணில் நினைவகம் தாங்காது.

மீதி 1 வந்தாலும் அது முழு நிரூபணம் இல்லை. எல்லாம் 1-ஆக உள்ள எண்களுக்கு லூக்கா–லெமர் சோதனை நிரூபணமே தரும். 4-இல் தொடங்கி, வர்க்கித்து 2 கழித்து, சோதிக்கும் எண்ணால் வகுத்த மீதி எடுங்கள். அடுக்கில், அதாவது 1-களின் எண்ணிக்கையில், 2 குறைத்த அளவு சுற்று. 127-க்கு 4, 14, 67, 42, 111, 0. கடைசியில் 0 வந்தால் பகா எண்.

அதற்கு முன் சிறு காரணிகளைத் தேடுவதானால், அடுக்கின் இருமடங்கால் வகுக்க மீதி 1 வரும் எண்கள் போதும். 23 = 22 + 1, 89 = 88 + 1. மார்த்தாண்டம் சார் சொன்ன 59-உம் 58 + 1.