பழைய விண்டோஸை உலாவியில் ஓட்டத் தெரிந்தவர்கள் உண்டா?

வணக்கம். பாலக்காடு மாவட்டத்துக் கொழிஞ்சாம்பாறையிலிருந்து எழுதுகிறேன். எங்கள் வாசகசாலையில் பிள்ளைகளுக்காகப் பழைய கணினிகள் பற்றி ஒரு கண்காட்சி வைக்கிறோம். அந்தக் காலத்துப் பெட்டிகள் எல்லாம் பழைய இரும்புக்குப் போய்விட்டதால், உலாவிக்குள் ஓடும் விண்டோஸைத்தான் நம்பியிருக்கிறோம்.

தோற்றத்தை மட்டும் காட்டும் தளங்கள் நிறைய இருக்கின்றன. சாம்பல் நிறப் பட்டை, ஸ்டார்ட் பொத்தான், மைன்ஸ்வீப்பர் எல்லாம் அழகுதான், உள்ளே சரக்கில்லை. எனக்கு வேண்டியது 'வி86' (v86) என்ற மென்பொருள் மாதிரியானது. அது கணினியின் மூளையான செயலியையே (பிராசஸர்) உலாவிக்குள் போலச் செய்வதால் விண்டோஸ் 98 உண்மையாகவே துவங்குகிறது. 1.44 எம்பி பிளாப்பியின் நகலையும் ஏற்றுக்கொள்கிறது.

சிக்கல் தமிழில்தான். வாசகசாலையின் பழைய ஆண்டு மலர்கள் யூனிகோடுக்கு முந்தைய எழுத்துருவில் தட்டச்சு செய்தவை. இப்போதைய கணினியில் திறந்தால் 'அ' இருக்கவேண்டிய இடத்தில் ஏதோ ஒரு ஆங்கில எழுத்து நிற்கிறது. எழுத்துருக் கோப்பு பத்திரமாக இருக்கிறது. (மலரைத் தட்டச்சு செய்த அக்காவுக்குக் கோடி புண்ணியம்!)

எழுத்துருவையும் மலர்களையும் சேர்த்து ஐஎஸ்ஓ கோப்பாக்கி (சிடியின் நகல் போன்ற ஒற்றைக் கோப்பு) வி86-இல் செருகுவது எப்படி? நிறுவி முடித்த நிலையைச் சேமித்து, இணையம் இல்லாமலும் அங்கிருந்தே தொடங்க வழி உண்டா? பாலக்காட்டுக் கணவாய்க் காற்று பலமாக அடித்தால் இங்கே இணைப்பு போய்விடும்.

சித்தூர், வேலந்தாவளம் பக்கம் இருப்பவர்கள் நேரில் வந்தால் இன்னும் நல்லது. சாயாவும் பழம்பொரியும் எங்கள் செலவு.