சென்டராக ஆடியவர் பயிற்சியாளரானபோது: கிரெஷிமிர் சோசிச் பற்றி ஒரு கேள்வி

திருப்பரங்குன்றத்தான் (கேள்வி):

அனைவருக்கும் வணக்கம். திருப்பரங்குன்றம் பக்கத்தில் ஒரு பள்ளியில் மாலை வேளைகளில் மாணவர்களுக்குக் கூடைப்பந்து சொல்லிக்கொடுக்கிறேன். குரோஷியாவின் சென்டர் (வளையத்துக்கு அருகே ஆடும் உயரமான ஆட்டக்காரர்) கிரெஷிமிர் சோசிச்சைப் பற்றி அண்மையில் படித்தபோது எழுந்த ஐயத்தை இங்கே கேட்கிறேன்.

ஆட்டக்காரராக அவர் வென்றவற்றை எண்ணினால் மலைப்பாக இருக்கிறது. குரோஷியா அன்று சேர்ந்திருந்த யூகோஸ்லாவிய நாட்டின் அணிக்காக 1970லும் 1978லும் உலகச் சாம்பியன் பட்டம், 1973, 1975, 1977 என அடுத்தடுத்து மூன்று ஐரோப்பியப் பட்டங்கள், 1968லும் 1976லும் ஒலிம்பிக் வெள்ளி, 1980 மாஸ்கோவில் தங்கம். அதே அணிக்கு 1985 முதல் 1987 வரை பயிற்சியாளராக இருந்தபோதோ, அவருக்குக் கிடைத்தவை இரண்டு வெண்கலங்கள் மட்டுமே. அவருக்குப் பின் வந்த துஷான் இவ்கோவிச் 1989இல் ஐரோப்பியப் பட்டத்தையும் 1990இல் உலகப் பட்டத்தையும் வென்றுவிட்டார். அப்படியானால் பயிற்சியாளராக சோசிச் தோற்றவர் என்று சொல்வது சரியா?

இதைக் கேட்பதற்கு என் சொந்தக் காரணமும் ஒன்று உண்டு. நம் பக்கத்துப் பள்ளிகளில் உயரமான பையன் கிடைத்தால், அவனை வளையத்துக்குக் கீழே நிறுத்தி, கையைத் தூக்கிக்கொண்டு நிற்கச் சொல்லிவிடுகிறோம். சோசிச் 2.11 மீட்டர் உயரம் கொண்டவர். ஆனால் அவர் அப்படி ஆடியவர் அல்லர் என்கிறார்கள். அந்த ஆட்டமுறை அவருடைய பயிற்சியில் தெரிந்ததா என்பதையும் அறிந்தவர்கள் விளக்க வேண்டும்.

பெரியகுளத்துப் பார்வையாளர்:

ஐயா, முதலில் அவர் ஆடிய விதத்தைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். பயிற்சியைப் பற்றி மற்றவர்கள் எழுதட்டும்.

அவர் பிறந்தது 1948இல் ஸாக்ரெப் நகரில். வளர்ந்தது அட்ரியாடிக் கடற்கரை ஊரான ஸாடரில். கடவுள் மனிதனைப் படைத்தார், ஸாடர் கூடைப்பந்தைப் படைத்தது என்று அந்த ஊர்க்காரர்கள் கூசாமல் சொல்லிக்கொள்வார்கள். 1965இல் ஸாடர் அணி யூகோஸ்லாவிய லீக் பட்டத்தை வென்றபோது சோசிச்சுக்குப் பதினாறு வயதுதான். வளையத்தில் விழாமல் திரும்பும் பந்தை (ரீபவுண்ட்) எடுத்து, பந்தை முன்னே கொண்டுசெல்லும் கார்டிடம் உடனே ஒப்படைத்துவிட்டு ஓடுவதுதான் அந்தக் காலத்துச் சென்டருக்கு விதிக்கப்பட்ட வேலை. அவரோ தாமே பந்தைத் தரையில் தட்டியபடி (டிரிப்பிள்) நடுக்கோட்டைத் தாண்டுவார், ஃப்ரீ த்ரோ (தண்ட எறிதல்) கோட்டுக்கு அருகே நின்று, உள்ளே வெட்டி ஓடுகிறவர்களுக்குப் பாஸ் கொடுப்பார், தூரத்திலிருந்தும் எறிவார். பின்னாளில் ஐரோப்பியச் சென்டர்களின் அடையாளமாகச் சொல்லப்பட்ட ஆட்டம் அது. அவர் அதை அறுபதுகளின் இறுதியிலேயே ஆடினார்.

பிறகு அமெரிக்காவில் பிரிகம் யங் பல்கலைக்கழகத்தில் படித்து ஆடினார். 1972இல் சிறந்த கல்லூரி ஆட்டக்காரர்களுக்கான 'ஆல் அமெரிக்கன்' பட்டியலில் இடம்பெற்ற முதல் வெளிநாட்டு ஆட்டக்காரரும் அவரே. 1972இல் போர்ட்லேண்டும் 1973இல் லாஸ் ஏஞ்சலிஸ் லேக்கர்ஸும் அமெரிக்கத் தொழில்முறை லீக்கான என்.பி.ஏ.வின் டிராஃப்டில் (கழகங்கள் புதிய ஆட்டக்காரர்களைத் தேர்ந்தெடுக்கும் நிகழ்வு) அவரைத் தேர்ந்தெடுத்தும் அவர் ஸாடருக்கே திரும்பினார். அன்றைய விதிப்படி என்.பி.ஏ.வில் ஒப்பந்தம் செய்தவர் ஒலிம்பிக்கிலோ நாட்டு அணியிலோ ஆட முடியாது என்பதை மறந்துவிட்டு இந்த முடிவை எடைபோடக் கூடாது. அதற்குப் பின் லியூப்லியானாவிலும், இத்தாலியின் பொலோன்யாவிலும், கடைசியாக ஸாக்ரெபின் சிபோனாவிலும் ஆடினார். பொலோன்யாவில் 1979லும் 1980லும் இத்தாலியப் பட்டம். 1982இல் சிபோனாவுடன் ஐரோப்பியக் 'கோப்பை வென்றோர் கோப்பை' (நாட்டுக் கோப்பைகளை வென்ற கழகங்களுக்கான போட்டி).

ரேஸ்கோர்ஸ் மூத்தவர்:

கேள்வி கேட்டவர் பதக்கத்தை எண்ணுகிறார். அந்தப் பதக்கங்கள் எந்த வயதுப் பையன்களை வைத்து வந்தவை என்பதையும் அவர் சேர்த்துப் பார்க்க வேண்டும்.

1985 ஐரோப்பியப் போட்டியில் யூகோஸ்லாவிய அணி ஏழாம் இடத்துக்குப் போய்விட்டது. பழைய தலைமுறை விடைபெற்றுவிட்ட நிலையில், டிராஜென் பெட்ரோவிச் என்ற ஒரே மேதையை மட்டும் நம்பி அணி ஓடிக்கொண்டிருந்தது. அடுத்த ஆண்டு ஸ்பெயினில் நடந்த உலகப் போட்டிக்கு சோசிச் பதினெட்டு வயது விளாடே திவாட்ஸை அழைத்துச் சென்றார்.

மாட்ரிட்டில் சோவியத் யூனியனுக்கு எதிரான அரையிறுதியை அறியாத கூடைப்பந்து ரசிகர் குறைவு. ஒரு நிமிடத்துக்கும் குறைவான நேரமே மீதமிருக்க, யூகோஸ்லாவியா ஒன்பது புள்ளிகள் முன்னிலையில் இருந்தது. சோவியத் ஆட்டக்காரர் சபோனிஸ் தூரத்திலிருந்து எறிந்த பந்து போர்டில் பட்டு உள்ளே விழுந்தது, மூன்று புள்ளிகள். அடுத்து டிகோனென்கோவும் மூன்று புள்ளி எறிந்தார். அப்போதும் முன்னிலை மூன்று புள்ளிகள். பந்தும் யூகோஸ்லாவியாவின் கையில்தான். அந்த நேரத்தில் திவாட்ஸ் டபுள் டிரிப்பிள் (தட்டுவதை நிறுத்தியபின் மீண்டும் தட்டும் விதிமீறல்) செய்து பந்தைப் பறிகொடுக்க, வால்டர்ஸ் மூன்றாவது மூன்று புள்ளியையும் போட்டுச் சமன் செய்தார். கூடுதல் நேரத்தில் 91–90 என்று ஒரே ஒரு புள்ளியில் ஆட்டம் கைநழுவியது. சர்வதேச ஆட்டத்தில், தூரத்து எறிதலுக்கு மூன்று புள்ளி தரும் கோடு வந்தே இரண்டு ஆண்டுகள்தான் ஆகியிருந்தன. கடைசி நிமிடத்து ஒன்பது புள்ளி முன்னிலை அதற்கு முன்பு எவ்வளவு பத்திரமானதாக இருந்தது என்பதையும் கணக்கில் கொள்ளுங்கள்.

நான் கவனிக்கச் சொல்வது அதற்குப் பின் நடந்ததை. நம் ஊரில் இப்படி ஒரு தவறு செய்த பையன் அடுத்த பட்டியலில் இருப்பானா? 1987இல் ஐரோப்பியப் போட்டிக்காக ஏதென்ஸ் சென்ற அணியில் திவாட்ஸ் இருந்தார். அவருடன் பதினெட்டு வயது டோனி குகோச், பத்தொன்பது வயது அலெக்ஸாந்தர் ஜோர்ஜெவிச், இருபது வயது டீனோ ராஜா ஆகியோரும் இருந்தார்கள். அதே ஆண்டு அந்தச் சிறுவர்கள் பெஷிச்சின் பயிற்சியில் இளையோர் உலகப் பட்டத்தையும் வென்றார்கள் என்பது உண்மைதான். ஆனால் பெரியவர்களின் அணியில் அவர்களைத் துணிந்து சேர்த்தவர் சோசிச். அந்த ஏதென்ஸ் அணியிலிருந்து டிராஜென், ராஜா, திவாட்ஸ், குகோச் ஆகிய நால்வர் பின்னாளில் கூடைப்பந்து மேதைகளைப் போற்றும் நெய்ஸ்மித் புகழ் மண்டபத்தில் இடம்பெற்றார்கள். இவ்கோவிச்சின் திறமையை நான் குறைக்கவில்லை; ஆனால் அவர் அறுத்த கதிருக்கு நாற்று நட்டவர் சோசிச்.

இன்னொரு செய்தி: 1973இல் சோசிச்சுக்காகக் காத்திருந்த அதே லேக்கர்ஸ் 1989இல் திவாட்ஸைத் தேர்ந்தெடுத்தது. அவரும் பாஸ் கொடுக்கத் தெரிந்த சென்டர் என்பதைச் சொல்ல வேண்டியதில்லை.

மேலூர் கார்டு:

மூத்தவர் சொல்வதில் பாதியைத்தான் ஏற்கிறேன். திறமையை இனங்காண்பது தேர்வாளரின் குணம்; ஆட்டத்தை முடித்துக்கொடுப்பது பயிற்சியாளரின் வேலை. மூன்று புள்ளி முன்னிலையில், நெருக்கடியான நேரத்தில், பந்து அணியிலேயே அனுபவம் குறைந்தவரின் கைக்குப் போனதில் பெஞ்சுக்கும், அதாவது பயிற்சியாளருக்கும், பொறுப்பு உண்டு. 1987 அரையிறுதியில் உள்ளூர் அணியான கிரேக்கத்திடம் 81–77 எனத் தோற்றதை இளமையின் மேல் மட்டும் போட்டுவிட முடியாது. அப்போது டிராஜென் முழு வீச்சில் இருந்தவர்.

ஆட்டக்காரராக இருந்து பயிற்சியாளரான குரோஷியர்களில் எனக்குப் பிடித்தவர் டிராஜெனின் அண்ணன் அலெக்ஸாந்தர் பெட்ரோவிச். 1986லும் 1987லும் சோசிச்சின் அணியில் ஆடிய கார்டு அவர். 1995இல் குரோஷியாவுக்கு ஐரோப்பிய வெண்கலம் பெற்றுத் தந்தார்; 2016 ரியோ ஒலிம்பிக்கின் முதல் ஆட்டத்திலேயே அவருடைய அணி ஸ்பெயினை வென்றது; பிறகு பிரேசில் அணியை 2024 பாரிஸ் ஒலிம்பிக் வரை கொண்டு சென்றார். ஆட்டத்தின் ஓட்டத்தைக் கார்டுகள் இயல்பாகவே படித்துவிடுகிறார்கள் என்பது என் எண்ணம். என் பெயரைப் பார்த்துவிட்டுச் சிரிக்க வேண்டாம்.

ரேஸ்கோர்ஸ் மூத்தவர்:

சிரித்துவிட்டேன், தம்பி. பெஞ்சின் பொறுப்பைப் பற்றிச் சொன்னதை மறுக்கவில்லை. ஆனால் சோசிச்சுக்கு நீண்ட பயிற்சிக் காலம் வாய்க்கவில்லை. பொலோன்யாவிலும் ஏதென்ஸின் ஏ.ஈ.கே. கழகத்திலும் சில காலம் பணியாற்றிய பின், வாஷிங்டனில் குரோஷியத் தூதரகப் பணிக்குச் சென்றார். 1995 மே மாதம் புற்றுநோயால் இறந்தபோது அவருக்கு வயது 46. இவ்கோவிச்சுக்குக் கிடைத்த ஆண்டுகளோடு அவருடைய ஆண்டுகளை ஒப்பிட்டால் கணக்கு நேராகாது.

திருப்பரங்குன்றத்தான்:

மூவருக்கும் நன்றி. என்னிடம் ஒன்பதாம் வகுப்புப் பையன் ஒருவன் இருக்கிறான், அணியிலேயே உயரமானவன், பந்து கைக்கு வந்ததும் பதறி இரண்டு முறை தட்டிப் பறிகொடுத்துவிடுகிறான். அவனை வளையத்தடியிலிருந்து வெளியே கொண்டுவர வேண்டுமானால் எங்கிருந்து தொடங்குவது?

பெரியகுளத்துப் பார்வையாளர்:

ஃப்ரீ த்ரோ கோட்டின் முனையிலிருந்து தொடங்குங்கள், ஐயா. வளையத்துக்கு முதுகு காட்டி நின்று பந்தை வாங்கட்டும். வாங்கியதும் தரையில் தட்டக் கூடாது என்று கண்டிப்பாகச் சொல்லிவிடுங்கள். பந்தைத் தாடைக்குக் கீழே இரு கைகளாலும் பிடித்து, முழங்கைகளை விரித்து, ஒரு காலை ஊன்றித் திரும்பி, இரு பக்கமும் வெட்டி ஓடும் பையன்களைப் பார்த்துப் பாஸ் மட்டும் கொடுக்கட்டும். அது பழகிய பின் ஒரே ஒரு டிரிப்பிளுக்கு அனுமதி கொடுங்கள். பள்ளிகளுக்கு இடையிலான ஆட்டத்தில் நான்கைந்து பந்துகளை அவன் தவறவிடத்தான் செய்வான். அப்போது அவனை வெளியே உட்கார வைத்துவிடாதீர்கள்.