வசனமே இல்லாத அனிமேஷன் ஏன் இவ்வளவு ஆழமாகக் குத்துகிறது?

கேள்வி:
அர்ஜென்டினாவில் 2008இல் வந்த 'எல் எம்ப்ளியோ' குறும்படத்தை நேற்று ராத்திரி பார்த்தேன். ஒருவர் காலையில் எழுந்து வேலைக்குப் போகிறார், கதை அவ்வளவுதான். ஆனால் அவர் வீட்டில் விளக்கு ஓர் ஆள், நாற்காலி ஓர் ஆள், தெருவுக்கு வந்தால் டாக்ஸியும் ஆள்தான், முதுகில் ஏற்றிக்கொண்டு போகிறார். கடைசியில் இவரே ஆபீஸில் ஒரு கதவு முன்னால் குப்புறப் படுக்க, இன்னொருவர் வந்து இவர் முதுகில் ஷூவைத் துடைத்துவிட்டு உள்ளே போகிறார். அப்புறம் எனக்குத் தூக்கமே வரவில்லை. யாராவது பேசியிருந்தால் இப்படி இருந்திருக்குமா?

பதில் 1:
இருந்திருக்காது. வசனம் வந்தால் நாம் மனசுக்குள் வாதாட ஆரம்பித்துவிடுவோம், 'எல்லா முதலாளியும் அப்படியா' என்று. இதில் யாரோடு வாதாடுவது? முகங்களைக் கவனித்தீர்களா, ஒருவருக்கும் கோபமே இல்லை, பழகிப்போன முகங்கள். எழுத்து ஓடி முடிந்த பிறகும் ஒரு காட்சி இருக்கிறது, அதை விட்டுவிடாதீர்கள்.

பதில் 2:
ஆனால் பேசாமல் இருந்தாலே ஆழமாகிவிடும் என்று நான் நினைக்கவில்லை. போனைப் பார்த்தபடி பள்ளத்தில் விழும் கூட்டத்தை எத்தனை படத்தில் பார்த்துவிட்டோம், அதையெல்லாம் பார்க்கும்போது 'நான் அப்படி இல்லை' என்றுதான் தோன்றுகிறது. ஸ்டீவ் கட்ஸின் 'ஹாப்பினஸ்' (2017) எனக்குப் பிடிக்கும், பணத்தைத் துரத்திய எலி பொறியில் மாட்டுவதும் அந்தப் பொறியே ஆபீஸ் மேசையாவதும் பிரமாதம். ஆனாலும் ஜனங்களை எலியாக வரைந்ததில் எனக்கு ஒரு நெருடல் இருக்கிறது. ஜெர்மனியின் 'பேலன்ஸ்' (1989) பாருங்கள், ஆஸ்கர் வாங்கியது. அந்தரத்தில் மிதக்கும் ஒரு பலகை, அதில் ஐந்து பேர், ஒருவர் நகர்ந்தால் மற்றவர்களும் நகர வேண்டும், இல்லையென்றால் சரிந்துவிடும். ஒரு பெட்டி வருகிறது. எல்லோருக்கும் அது வேண்டும், ஒவ்வொருவராகத் தள்ளிவிடப்பட்டு கடைசியில் ஒருவர் மிஞ்சுகிறார். பெட்டி எதிர் மூலையில். ஓர் அடி எடுத்து வைக்க முடியாது.

பதில் 3:
பேசாமல் இருப்பதற்கு இன்னொரு காரணமும் உண்டு, சில ஊர்களில் பேச விட மாட்டார்கள். கம்யூனிஸ்ட் ஆட்சியில் இருந்த செக்கோஸ்லோவாக்கியாவில் 1965இல் டிர்ன்கா எடுத்த 'தி ஹேண்ட்' பொம்மைப் படத்தில், ஒரு குயவர் தன் செடிக்குத் தொட்டி செய்துகொண்டிருப்பார், ஒரு பெரிய கை வந்து என்னைச் செய் என்று மிரட்டும். அது யாருடைய கை என்று படம் சொல்லவே இல்லை, ஆனால் பார்த்தவர்களுக்குத் தெரியும். டிர்ன்கா 1969இல் இறந்த பிறகு படத்தைத் தடை செய்துவிட்டார்கள்.

கேள்வி கேட்டவர்:
நான் எழுத்து ஓடும்போதே நிறுத்தியிருந்தேன், இப்போதுதான் போய்ப் பார்த்தேன். விளக்காக நின்ற அந்த ஆள் தலையில் இருந்த மூடியைக் கழற்றி வீசிவிட்டார். நன்றி. இன்று ராத்திரி 'பேலன்ஸ்'.