ஊர்த் தலைவர் சம்மதித்தும் கேமரா முன்னால் யாரும் வரவில்லை, என்ன செய்யலாம்?

சாமைக்கொல்லை:
ஜவ்வாது மலையில், மலையாளிப் பழங்குடி ஊர் ஒன்றில் சாமை அறுவடையை வைத்துச் சொந்தக் காசில் ஒரு படம் எடுக்கிறேன். ஊர்க்காரர்களே நடிக்க வேண்டும். தலைவர் சம்மதித்துவிட்டார். ஆனால் ஸ்டாண்டை விரித்ததுமே ஆட்கள் நகர்ந்துவிடுகிறார்கள். கூலியைக் கூட்டுவதா, வேறு ஊர் பார்ப்பதா?

பழைய ஆபரேட்டர்:
தம்பி, காசை முதலில் உள்ளே வையுங்கள். பொலிவியாவில் ஹோர்ஹே சான்ஹினேஸ் என்ற இயக்குநருக்கும் இதேதான் நடந்தது. 'யாவர் மால்க்கு' (1969) எடுக்க மலையில் இருக்கும் காட்டா என்ற ஊருக்குப் போனார். அமெரிக்கத் தன்னார்வலர்கள் கெச்சுவாப் பழங்குடிப் பெண்களுக்குத் தெரியாமலே கருத்தடை செய்தார்கள் என்று குற்றம்சாட்டுகிற கதை. அந்த மக்களுக்காகவே எடுக்கிற படம்தான், ஆனாலும் ஊர் முகம் கொடுக்கவில்லை. நல்ல கூலி தருவதாகச் சொல்லியும் பலனில்லை. தலைவர் மார்செலினோ யானாவாயா தெரிந்தவர், அவர் சொன்னால் நடக்கும் என்று நம்பிப் போயிருந்தார்கள். அங்கே முடிவெடுப்பது ஊர், தனி ஆள் இல்லை. கடைசியில், கோகா இலை போட்டுக் குறி பாருங்கள், அது சொல்வதற்குக் கட்டுப்படுகிறோம் என்று ஊரிடமே விட்டுவிட்டார்கள். ராத்திரி ஊர் கூடிச் சடங்கு நடந்தது. குறி சாதகமாக வந்தது, அப்புறம்தான் படப்பிடிப்பு.

உங்களைக் குறி கேட்கச் சொல்லவில்லை (அதையும் ஒரு சீன் ஆக்கிவிடாதீர்கள்!). ஊர்க்கூட்டத்தில் உட்கார்ந்து கதையை முழுசாகச் சொல்லுங்கள். வேண்டாம் என்றால் கிளம்பிவிடுவேன் என்பதையும் சொல்லுங்கள்.

மழைக்காகிதம்:
எத்தனை பேர் போகிறீர்கள்? அஸ்ஸாமில் ரீமா தாஸ் 'வில்லேஜ் ராக்ஸ்டார்ஸ்' படத்தை எழுதி, இயக்கி, ஒளிப்பதிவும் எடிட்டிங்கும் தானே செய்தார். நடித்தது ஊர்க் குழந்தைகள். 2018-ல் சிறந்த படத்துக்கான தேசிய விருது கிடைத்தது. அவருக்கு அது சொந்த ஊர் என்பது வேறு விஷயம்.

சாமைக்கொல்லை:
ஒன்பது பேர். பாதியாக்கப் பார்க்கிறேன். ஐயா, ஒரு சந்தேகம். கதை ஒரு பெண்ணைச் சுற்றித்தான். ஊரே வந்து நின்றால் அவளை எப்படிக் காட்டுவது?

பழைய ஆபரேட்டர்:
நல்ல கேள்வி. 1969 படத்தில் முன்னும் பின்னுமாகக் கதை சொன்னது அந்த மக்களுக்குப் பழக்கமில்லாத முறை என்று சான்ஹினேஸே பிறகு எழுதினார். குளோசப்பையும் குறைத்துக்கொண்டார். 1989-ல் எடுத்த 'லா நாசியோன் கிளாண்டெஸ்டினா' பாருங்கள். ஊர் விலக்கிவைத்த ஐமாராப் பழங்குடி ஆள் ஒருவன், சாகும்வரை ஆடுகிற பழைய ஆட்டத்தை ஆடுவதற்காக முகமூடியை முதுகில் கட்டிக்கொண்டு ஊருக்கு நடக்கிறான். ஒற்றை ஆளின் கதைதான். ஆனால் ஷாட்டுகள் வெட்டாமல் நீளும், கேமரா அவனை விட்டுக் கூட்டத்துக்குப் போய்த் திரும்பும். எனக்கு அவர் படங்களிலேயே அதுதான் உசத்தி.

உங்கள் பெண்ணை அறுப்புக்காரர்களுக்கு நடுவிலேயே விடுங்கள். தூரத்திலிருந்து எடுக்கிற டெலி லென்ஸைக் கீழேயே வைத்துவிட்டு மலை ஏறுங்கள். தூரத்தில் ஒளிந்து எடுக்கிறார்கள் என்று ஒருத்தர் நினைத்தாலும் மறுபடி கூட்டம் போட வேண்டியிருக்கும்.